புரொஜெக்டர் வாங்கும் முன்: சுவர் எவ்வளவு, கரண்ட் எவ்வளவு?



ஹாஸ்டல் ரூம்ல நாலு பேர் சேர்ந்தா வர்ற திட்டங்கள்ல ஒண்ணு, "காசு போட்டு ஒரு புரொஜெக்டர் வாங்கலாமா?" பெரும்பாலும் அந்தப் பேச்சு எந்த மாடல், எத்தனை லூமென், எங்கே தள்ளுபடி என்பதோடு முடிஞ்சிடும். படம் எதில் விழப்போகுது, கரண்ட் போனா என்ன ஆகும் என்ற ரெண்டு கேள்வியை யாரும் கேட்கறதில்லை. நானும் கேட்கலை. அதுக்குக் கொடுத்த விலையைச் சொல்லிட்டு, நீங்க கொடுக்காம இருக்க என்ன கணக்கு போடணும்னு இந்தக் கட்டுரையில் பார்ப்போம்.

என் தாத்தாவுக்கு ஒரு கண்ணில் புரை ஆபரேஷன் ஆகியிருக்கு, இன்னொரு கண்ணில் பார்வை மங்கல். டிவியில் ஆள் முகம் சரியாத் தெரியலைன்னு ரொம்ப நாளா டிவி பக்கமே வரமாட்டார். இன்டர்ன்ஷிப்பில் வந்த பணத்தில் ஒரு எல்.இ.டி புரொஜெக்டர், ரூம்மேட்கிட்ட கடன் வாங்கி 100 இன்ச் ஸ்டாண்டு திரை, செகண்ட் ஹேண்டில் ஒரு யூ.பி.எஸ். மூணையும் தூக்கிக்கிட்டு பொங்கல் லீவுக்கு ஊருக்குப் போனேன். தாத்தா டூரிங் டாக்கீஸில் மண்தரையில் உட்கார்ந்து பார்த்த 'கர்ணன்' படத்தைப் போட்டேன்.

படம் வெளிறிப்போய் விழுந்தது. தாத்தா கண்ணைச் சுருக்கிக்கிட்டே பார்த்தார். நாற்பதாவது நிமிஷத்தில் கரண்ட் போச்சு. யூ.பி.எஸ் 'பீப் பீப்'னு கத்தி, எட்டே நிமிஷத்தில் அதுவும் அணைஞ்சது. இருட்டில் கொஞ்ச நேரம் எல்லாரும் சும்மா இருந்தோம். அப்புறம் தாத்தா, "பரவாயில்ல தம்பி, மீதிக் கதையை நான் சொல்றேன்"னு ஆரம்பிச்சிட்டார்.

கதை நல்லாத்தான் இருந்தது. ஆனா இன்ஜினியரிங் படிக்கிறவனுக்கு அந்த ராத்திரி தூக்கம் வருமா? லீவு முடிஞ்சு வந்ததும் லேபிலிருந்து லக்ஸ் மீட்டர் கேட்டு வாங்கினேன்.

முதல் கணக்கு: பெட்டியில் போட்டிருக்கும் லூமென்

என் புரொஜெக்டர் பெட்டியில் பெரிய எழுத்தில் 9000 லூமென்னு இருந்தது. மலிவான மாடல்கள்ல இப்படி வர்ற எண், லென்ஸைத் தாண்டித் திரைக்கு வர்ற வெளிச்சம் கிடையாது. நீங்க தேட வேண்டியது 'ஆன்சி லூமென்' அல்லது 'ஐ.எஸ்.ஓ லூமென்'. முழு வெள்ளைப் படத்தைத் திரையில் விழவச்சு, அதை ஒன்பது கட்டமாகப் பிரிச்சு, ஒவ்வொரு கட்டத்தின் நடுவிலும் வெளிச்சத்தை அளந்து சராசரி எடுக்கணும். அதைத் திரையின் பரப்பால் பெருக்கினா லூமென். இவ்வளவுதான் அந்த அளவையின் அடிப்படை.

இதை நீங்களே செஞ்சு பார்க்கலாம். 100 இன்ச் திரைன்னா, 16:9 வடிவத்தில் அகலம் 2.21 மீட்டர், உயரம் 1.25 மீட்டர், பரப்பு சுமார் 2.76 சதுர மீட்டர். எனக்குக் கிடைச்ச சராசரி 72 லக்ஸ். 72 × 2.76 = சுமார் 200 லூமென். ஒன்பதாயிரம் எங்கே, இருநூறு எங்கே!

சரி, 200 லூமென் மோசமா? அது எவ்வளவு பெரிய இடத்தில் பரவுது என்பதைப் பொறுத்தது. டிஜிட்டல் சினிமா தியேட்டர்களுக்கான வெண்திரைப் பிரகாச அளவு ஒரு சதுர மீட்டருக்கு 48 கேண்டெலா. பளபளப்பில்லாத வெள்ளைத் திரையில் அந்த அளவைத் தொட சுமார் 150 லக்ஸ் விழணும். வீட்டில், நல்ல இருட்டில், அதில் பாதி இருந்தாலும் பார்க்கலாம். ஆனா அதுக்குக் கீழே போனா முகங்கள் மங்கும். இப்போ அதே 200 லூமெனை வேற வேற அளவில் போட்டுப் பாருங்க:

100 இன்ச்: 72 லக்ஸ்
80 இன்ச்: 113 லக்ஸ்
72 இன்ச்: 140 லக்ஸ்
60 இன்ச்: 200 லக்ஸ்

புரொஜெக்டரை மாத்தலை, ஒரு ரூபாய் கூடச் செலவு பண்ணலை. படத்தை 100 இன்ச்சிலிருந்து 72 இன்ச்சுக்குக் குறைச்சதும் வெளிச்சம் ஏறக்குறைய ரெண்டு மடங்கு. மூலைவிட்டத்தைப் பாதியாக்கினா வெளிச்சம் நாலு மடங்கு. தாத்தாவுக்குத் தேவைப்பட்டது பெரிய படம்னு நான் நினைச்சேன். உண்மையில் அவருக்குத் தேவைப்பட்டது தெளிவா வெளிச்சமா ஒரு படம். 72 இன்ச் என்பதே ஆறடி மூலைவிட்டம். பத்தடி ரூமுக்கு அது தாராளம்.

புரொஜெக்டரை எவ்வளவு தூரத்தில் வைக்கணும் என்பதையும் வாங்கும் முன்னாடியே பார்த்துடுங்க. குறிப்பில் 'த்ரோ ரேஷியோ'ன்னு ஒரு எண் இருக்கும். தூரம் = அந்த எண் × படத்தின் அகலம். 72 இன்ச் படத்தின் அகலம் 1.59 மீட்டர். எண் 1.4 என்றால் 2.23 மீட்டர், அதாவது ஏழடிக்குக் கொஞ்சம் மேலே. அந்த இடத்தில் பீரோ நிற்குதா, கதவு திறக்குதான்னு டேப் வச்சு அளந்துக்கங்க. ஓரமா வச்சுட்டு 'கீஸ்டோன்' போட்டு நேராக்கிக்கலாம்னு நினைக்காதீங்க. கீஸ்டோன் படத்தைச் சுருக்கித்தான் நேராக்குது. இருக்கிற பிக்சலும் வெளிச்சமும் அதில் வீணாகும்.

ரெண்டாவது கணக்கு: டியூப்லைட்டோடு போட்டி

புரொஜெக்டரால் கறுப்பை எறிய முடியாது. வெளிச்சத்தை மட்டும்தான் எறிய முடியும். படத்தில் கறுப்பு என்பது, அந்த இடத்தில் உங்க சுவர் எப்படித் தெரியுதோ அதுதான். ஒரு 20 வாட் எல்.இ.டி டியூப்லைட் சுமார் 2000 லூமென் கொடுக்கும். என் புரொஜெக்டரைப் போலப் பத்து மடங்கு!

எங்க வீட்டில் டியூப்லைட் எரியும்போது சுவரில் 100 லக்ஸ் விழுந்தது. அப்போ வெள்ளை 140 + 100 = 240, கறுப்பு 100. வித்தியாசம் 2.4 மடங்குதான். லைட்டை அணைச்சு, கதவைச் சாத்தினா பக்கத்து ரூமிலிருந்து கசியறது 3 லக்ஸ். அப்போ வெள்ளை 143, கறுப்பு 3. வித்தியாசம் 48 மடங்கு. புரொஜெக்டருக்குள்ளேயே கசியும் வெளிச்சத்தை விட்டுட்டுச் சொல்றேன், இருந்தாலும் விஷயம் புரியும். ஜன்னலுக்கு ஒரு கனமான துணி மாட்டறது, அடுத்த விலை மாடலுக்குப் போறதைவிடப் பலன் தரும்.

ஒரு வேடிக்கை கவனிச்சீங்களா? கரண்ட் போனா தெருவிளக்கு உட்பட எல்லாம் இருட்டு. புரொஜெக்டருக்கு அதைவிட நல்ல நேரமே கிடையாது, அது ஓடினால்! அந்தப் பிரச்சினைக்கு அப்புறம் வருவோம். முதல்ல திரை.

எதில் விழவைக்கலாம்?

சுவர்: சமமான வெள்ளைச் சுவர்தான் மலிவும் சிறப்பும். மொபைல் டார்ச்சைச் சுவரோடு ஒட்டிச் சாய்வாப் பிடிச்சுப் பாருங்க. மேடு பள்ளமெல்லாம் நிழலாத் தெரியும். நான் ஆறுக்கு நாலு அடி இடத்தில் பட்டி பார்த்து, உப்புத்தாள் போட்டுத் தேய்ச்சு, பிரைமர் அடிச்சு, பளபளப்பில்லாத வெள்ளை எமல்ஷன் ரெண்டு கோட் அடிச்சேன். மொத்தச் செலவு 900 ரூபாய். கிரீம், இளமஞ்சள் சுவரில் படம் போட்டா எல்லாருக்கும் மஞ்சள் காமாலை வந்த மாதிரி இருக்கும்.

பெட்ஷீட், வேட்டி: அவசரத்துக்கு ஆகும். மெல்லிய துணியில் பாதி வெளிச்சம் பின்பக்கம் போயிடும். துணிக்குப் பின்னால் டார்ச் அடிச்சுப் பாருங்க, எவ்வளவு ஊடுருவுதுன்னு தெரியும். ஃபேன் காத்துக்குப் படமே நீச்சலடிக்கும். துணிதான் வேணும்னா, வெளிச்சம் ஊடுருவாத கர்ட்டன் துணியில் வெள்ளை வாங்கி, மேலும் கீழும் பைப் கோர்த்து இழுத்துக் கட்டுங்க.

ஃப்ளெக்ஸ்: ஊரில் சுலபமாக் கிடைக்கும், சுருக்கமும் விழாது. ஆனா பெரும்பாலான ஃப்ளெக்ஸுக்கு ஒரு பளபளப்பு உண்டு. நடுவில் லென்ஸின் வெளிச்சம் பொட்டு மாதிரி மின்னும். வாங்கினா மங்கலான பக்கத்தைத் தேர்ந்தெடுங்க.

கடைத் திரை: சுவர் சரியில்லாத வாடகை வீட்டுக்கு நல்லது. 'மேட் ஒயிட்', கெயின் 1.0 அல்லது 1.1 என்று இருந்தாப் போதும். கெயின் என்பது சாதாரண வெண்பரப்போடு ஒப்பிட்டா நேர் எதிரே எவ்வளவு பிரகாசம் என்ற விகிதம். அதிகக் கெயின் உள்ள திரை வெளிச்சத்தை உற்பத்தி செய்யறதில்லை, பக்கவாட்டில் போறதை நடுவுக்குத் திருப்புது. ஓரத்தில் உட்கார்றவங்களுக்கு மங்கலாத்தான் தெரியும்.

சாம்பல் திரை, அறை வெளிச்சத்தைத் தடுக்கும் சிறப்புத் திரை: விளம்பரம் பார்த்து மயங்காதீங்க. 0.8 கெயின் உள்ள சாம்பல் திரையில் நம்ம 140, 112க்குச் சமமாயிடும். 200 லூமென்காரனுக்கு அந்த இழப்பு கட்டுப்படியாகாது. சிறப்புத் திரையின் விலை உங்க புரொஜெக்டர் விலையையே தாண்டிடலாம்.

எந்தத் திரையா இருந்தாலும் சுத்தி ரெண்டு இன்ச் கறுப்புத் துணி ஓரம் ஒட்டுங்க. பளபளக்கும் இன்சுலேஷன் டேப் வேண்டாம், வெல்வெட் மாதிரி மங்கலான துணி. வெளியே வழியும் வெளிச்சத்தை அது விழுங்கிடும், படமும் எடுப்பாத் தெரியும்.

மூணாவது கணக்கு: எத்தனை வாட்?

பேக்கப் பற்றி யோசிக்கும் முன் உங்க சாதனம் உண்மையில் எவ்வளவு இழுக்குதுன்னு தெரியணும். அடாப்டரில் இருக்கிறது அதிகபட்ச அளவு. நிஜ அளவுக்கு வீட்டு ஈ.பி மீட்டரே போதும்.

டிஜிட்டல் மீட்டரில் ஒரு சின்ன சிவப்பு விளக்கு மினுக்கும். மேலே, ஒரு யூனிட்டுக்கு எத்தனை மினுக்கல்னு ஒரு எண் அச்சிட்டிருக்கும். எங்க வீட்டு மீட்டரில் அது 3200. ஃபிரிட்ஜ் உட்பட எல்லாத்தையும் அணைச்சுட்டு, புரொஜெக்டரை மட்டும் ஓடவிட்டு, பத்து மினுக்கலுக்கு எத்தனை செகண்டு ஆகுதுன்னு மொபைல்ல பாருங்க. எனக்கு 170 செகண்டு.

வாட் = (36,00,000 × மினுக்கல்) ÷ (மீட்டர் எண் × செகண்டு)
= (36,00,000 × 10) ÷ (3200 × 170) = சுமார் 66 வாட்.

இப்போ என் யூ.பி.எஸ் ஏன் எட்டு நிமிஷத்தில் கவுந்தது? அதன் மேல் 600 வி.ஏ என்று இருந்தது. வி.ஏ என்பது அது எவ்வளவு சுமையைத் தாங்கும் என்பதைச் சொல்லும், எவ்வளவு நேரம் என்பதைச் சொல்லாது. நேரத்தைச் சொல்றது உள்ளே இருக்கும் பேட்டரி: 12 வோல்ட், 7 ஆம்பியர்-ஹவர். பெருக்கினா 84 வாட்-ஹவர். 66 வாட்டுக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல வரணுமே?

வராது. யூ.பி.எஸ் சர்க்யூட்டின் திறன் 80 சதவீதம்னு வச்சா, பேட்டரியிலிருந்து 82 வாட், அதாவது 7 ஆம்பியர் இழுக்குது. அந்த '7 ஆம்பியர்-ஹவர்' என்ற எண்ணோ, 20 மணி நேரத்தில் மெதுவாகக் காலி செய்தால் கிடைப்பது. லெட்-ஆசிட் பேட்டரியை வேகமா உறிஞ்சினா கொள்ளளவே குறையும். ஒரு மணி நேர வேகத்தில் இழுத்தா கிட்டத்தட்ட பாதிதான் தேறும். அதனால் புது பேட்டரிக்கே அரை மணி நேரம்தான். என்னுடையதோ நாலு வருஷப் பழசு. எட்டு நிமிஷம் ஓடியதே பெரிய விஷயம்.

பேக்கப்: எது யாருக்கு?

வீட்டில் இன்வெர்ட்டர் இருந்தா: வேற எதுவும் வாங்காதீங்க. எங்க வீட்டிலும் இன்வெர்ட்டர் இருந்தது! ஆனா அன்னைக்கு லைட்டும் ஃபேனும்தான் அதில் ஓடியிருக்கும், ஹாலில் இருக்கும் பிளக் பாயிண்டுக்கு இன்வெர்ட்டர் லைனே இல்லை. பல வீடுகளில் இப்படித்தான். எலக்ட்ரீஷியன் வந்து ஒரு வயர் இழுத்து, அந்த ஒரு பிளக்கை மட்டும் இன்வெர்ட்டர் லைனில் சேர்த்தார். தயவுசெய்து இதை நீங்களே செய்யாதீங்க. நியூட்ரல் மாறினா வீட்டு வயரிங்கே குழம்பிடும்.

கணக்கு: 12 வோல்ட் × 150 ஆம்பியர்-ஹவர் = 1800 வாட்-ஹவர். பேட்டரி ஆயுளுக்காகப் பாதிக்கு மேல் காலி பண்ணாம இருப்போம்: 900. இன்வெர்ட்டர் இழப்பு போக: 720. இப்போ சுமை: புரொஜெக்டர் 66, ஸ்பீக்கர் 15, டிவி ஸ்டிக் 5, ரவுட்டர் 10, சீலிங் ஃபேன் 75. மொத்தம் 171 வாட். ஃபேனை மறந்துடாதீங்க. ஜன்னலை மூடிட்டு நம்ம ஊர் வெக்கையில் ஃபேன் இல்லாம மூணு மணி நேரம் யார் உட்காருவாங்க? 171 × 3 = 513 வாட்-ஹவர். 720க்குள் அடங்குது. 30 வாட் பி.எல்.டி.சி ஃபேனா இருந்தா 378 தான். பேட்டரி பழசுன்னா இந்த 720-ல் பாதி கூடத் தேறாது. முதல்ல டிஸ்டில்டு வாட்டர் அளவைப் பாருங்க.

இன்னொண்ணு: பல இன்வெர்ட்டர்களில் 'யூ.பி.எஸ் மோடு' என்று ஒரு ஸ்விட்ச் இருக்கும். அதில் போட்டா கரண்ட் போனதும் சீக்கிரமா மாறும். சாதாரண மோடில் மாறும் நேரம் கூடுதல். அந்த இடைவெளியில் புரொஜெக்டர் அணைஞ்சு மறுபடி முதல்லேருந்து ஆரம்பிக்கும்.

இன்வெர்ட்டர் இல்லாத வாடகை ரூமா: சி-டைப் போர்ட்டில் 'பி.டி' முறையில் பவர் எடுக்கும் சின்ன புரொஜெக்டரா வாங்குங்க. 20,000 எம்.ஏ.எச் பவர் பேங்க் என்பது உள்ளே இருக்கும் 3.7 வோல்ட் செல்லின் கணக்கு. 20 × 3.7 = 74 வாட்-ஹவர், இழப்பு போக சுமார் 63. 40 வாட் புரொஜெக்டருக்கு ஒன்றரை மணி நேரம். அடாப்டரில் 20 வோல்ட், 3.25 ஆம்பியர் என்று இருந்தா பவர் பேங்கும் அந்த 65 வாட் தரணும், கேபிளும் 5 ஆம்பியர் கேபிளா இருக்கணும். சாதாரண சி கேபிள் 3 ஆம்பியரோடு நின்னுடும். ரவுட்டருக்கு வாங்கின குட்டி யூ.பி.எஸ்ஸில் புரொஜெக்டரைச் செருகாதீங்க. 12 வோல்ட், 2 ஆம்பியர்னா 24 வாட்தான்.

பழைய ஆபீஸ் புரொஜெக்டர் வாங்கறீங்களா: 3000 லூமென், மலிவு விலைன்னு ஆசை வரும். அதில் இருப்பது பாதரச விளக்கு. 250, 300 வாட் இழுக்கும். பயங்கரச் சூடு. படம் ஓடும்போது கரண்ட் போனா ஃபேனும் நின்னு, சூடு உள்ளேயே தங்கும். விளக்கு ஆறாம மறுபடி எரியவும் செய்யாது. இதுக்கு யூ.பி.எஸ் கட்டாயம். படம் பார்க்க அல்ல, முறைப்படி அணைச்சு ஃபேன் ஓடி ஆறும் வரைக்கும். வாங்கும் முன் மெனுவில் விளக்கு எத்தனை மணி நேரம் ஓடியிருக்குன்னு பாருங்க. மாற்று விளக்கின் விலையையும் விசாரிச்சுட்டுப் பேரம் பேசுங்க.

இடி மின்னல் நேரத்தில் பிளக்கைப் பிடுங்கிடுங்க. புரொஜெக்டரின் காற்றுத் துவாரத்தை மெத்தை, தலையணை மேல வச்சு அடைக்காதீங்க.

கடைக்குப் போகும் முன்

ஒரு பேப்பரில் ஐந்து எண் எழுதுங்க: ஆன்சி லூமென், ரூமின் நீளம், அதில் வரக்கூடிய படத்தின் அகலம், மொத்த வாட், பேட்டரியின் வாட்-ஹவர். லூமெனைப் பரப்பால் வகுத்தா 100 லக்ஸுக்கு மேல வரணும். வாட்டைப் படத்தின் நேரத்தால் பெருக்கினா பேட்டரி தர்றதுக்குள் அடங்கணும். ரெண்டில் ஒண்ணு பொருந்தலைன்னா படத்தின் அளவைக் குறைங்க, இல்ல அந்த மாடலை விடுங்க. கையில் இருக்கிற மொத்தக் காசையும் புரொஜெக்டருக்கே கொட்டாம, சுவருக்கும் வயருக்கும் கொஞ்சம் ஒதுக்குங்க.

என் 100 இன்ச் திரையும் யூ.பி.எஸ்ஸும் இப்போ பரண் மேல இருக்கு. ரூம்மேட் கடனை அடைக்க மூணு மாசம் ஆச்சு. அடுத்த லீவில் பட்டி பார்த்த சுவரில், 72 இன்ச்சில், அதே 'கர்ணன்' படத்தை மறுபடி போட்டேன். தாத்தா கண்ணைச் சுருக்கலை. பாதிப் படத்தில் தெருவே இருட்டாச்சு. எதிர்வீட்டு அத்தை வாசலுக்கு வந்து, "உங்க வீட்லயும் கரண்ட் இல்லையா?"ன்னு சத்தமாக் கேட்டாங்க. தாத்தா திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே என்கிட்ட கேட்டார்:

"கரண்ட் போச்சா என்ன?"